கிணற்றடியில் இருந்து கல்குடாவைப் பாருங்கள்

அன்புள்ள வாசகருக்கு,

வங்காள நாவல்களின் தமிழாக்கங்களைத் தேடித்தேடி வாசிப்பதாகவும், அவற்றில் வரும் குளக்கரையும் மூங்கில் தோப்பும் நெல்வயலும் கண்ணை விட்டு அகலவில்லை என்றும் எழுதியிருந்தீர்கள். அதே வங்கக் கடலின் இந்தக் கரையில் எங்கள் ஊர் எப்படி என்றும் கேட்டிருந்தீர்கள். கல்குடாவை விசாரிப்பவர்கள் அநேகமாகப் பக்கத்துப் பாசிக்குடாக் கடலைத்தான் விசாரிப்பார்கள். நீங்கள் ஊரைக் கேட்டிருக்கிறீர்கள். ஆகவே ஆறுதலாகவே எழுதுகிறேன்.

மட்டக்களப்பு நகரிலிருந்து வடக்கே ஏறக்குறைய 35 கிலோமீற்றரில் இருக்கிறது கல்குடா. ஒரு பக்கம் கடல். மறு பக்கம் வாழைச்சேனை வாவி. 135 கிலோமீற்றர் ஓடிவரும் மாதுறு ஓயா இந்த வாவி வழியாகத்தான் கடலைச் சேருகிறது. கடலும் உப்பு, வாவியும் உவர். இரண்டுக்கும் நடுவில் மணல்மேட்டில் குடியிருக்கிறோம்.

நீங்கள் வாசித்த வங்காளக் கிராமம் கங்கையும் பிரமபுத்திராவும் கொண்டுவந்து கொட்டிய வண்டலில் எழுந்தது. அங்கே குளம் வெட்டி, வெட்டிய மண்ணை மேடாக்கி, அதன்மேல் வீடு கட்டுவார்கள். குளிப்பும் மீனும் அந்தக் குளத்தோடுதான். எங்கள் மணலில் அப்படிக் குளம் வெட்டித் தண்ணீரைத் தேக்க முடியாது. விழுகிற மழையை மணல் குடித்துவிடும். அப்படிக் குடித்த மழைதான் எங்களை வாழவைக்கிறது. நல்ல தண்ணீர் உப்புத் தண்ணீரை விடப் பாரம் குறைந்தது. ஆகவே மணலுக்குள் இறங்கிய மழைநீர், தண்ணீரில் எண்ணெய் மிதப்பதுபோல, உவரின்மேல் ஒரு படையாக மிதக்கிறது. இந்தப் படை கடல் மட்டத்துக்கு மேலே ஒரு அடி நின்றால், கீழே ஏறக்குறைய நாற்பது அடி இறங்கி நிற்கும் என்பது நிலத்தடி நீர்க் கணக்கு. மேலே ஒரு அடி வற்றினால் கீழே நாற்பது அடிக்கு உவர் ஏறிவரும் என்பதும் அதே கணக்குத்தான்.

எங்கள் வளவுகளில் ஒரு கொட்டுக் கிணற்றை எட்டிப் பாருங்கள். மாரியில் குனிந்து வாளியால் அள்ளலாம். கோடையில் கயிறு நீளும். குளித்த தண்ணீர் வாழைக்கும் தென்னைக்கும் போகும். குழாய்த் தண்ணீர் வந்த வீட்டிலும் கிணற்றை மூட மனம் வராது. ஒரு வளவு வாங்கப் போனால் மூத்தவர்கள் முதலில் ஒரு கை தண்ணீர் அள்ளி வாயில் விட்டுப் பார்ப்பார்கள். காணி உறுதியைப் பார்ப்பது அதற்குப் பிறகுதான்.

வருடமும் தண்ணீரோடுதான் சுழல்கிறது. வருட மழையில் பெரும்பங்கு ஐப்பசிக்கும் தைக்கும் இடையில் கொட்டித் தீர்த்துவிடும். அந்த மழையை நம்பித்தான் உள்பக்கம் வாகனேரிக் குளத்துப் பக்க வயல்களில் பெரும்போகம் விதைப்பார்கள். வாடைக் காற்றுக்குக் கடல் கொந்தளித்தால் வாவி சோறு போடும்: தோணி, வீச்சுவலை, இறால், நண்டு. கடல் அடங்கினால் கரைவலை. கரையில் இரண்டு அணியாக நின்று கயிற்றை இழுக்க, வலையின் மடி கரையேறும்போது ஊரே கூடிவிடும். அயல் ஊர்களான ஓட்டமாவடியின் முஸ்லிம் வியாபாரியும் பேத்தாழையின் தமிழ் மீனவரும் நெல்லுக்கும் மீனுக்கும் எருமைத் தயிருக்குமாக ஒருவரை ஒருவர் தேடிப் போகிறார்கள். போர்க்காலத்தில் ஒருவருக்கொருவர் அஞ்சி வாழ்ந்த வருடங்களும் உண்டு. சந்தை திரும்பக் கூடிய பிறகுதான் பேச்சும் திரும்பியது.

1950களில் வாழைச்சேனையில் எழுந்த கடதாசி ஆலைக்கு வைக்கோல்தான் மூலப்பொருளாக இருந்தது. எங்கள் வயல்வட்டைகளில் சூடடித்து மிஞ்சியது இலங்கைப் பிள்ளைகள் எழுதும் தாளானது. அந்த ஆலை சோர்ந்துபோனது எங்களுக்கு இன்னும் ஆறாத கவலை.

வங்கக் கடல் வங்காளத்துக்குக் கொடுத்ததை எங்களுக்கும் கொடுத்திருக்கிறது. 1978 நவம்பர் 23 சூறாவளி எங்கள் தென்னந்தோட்டங்களை வேரோடு சாய்த்தது. 2009 மே மாதம் ஐலா புயல் சுந்தரவனத்தில் அணைக்கரைகளை உடைத்துக் குடிதண்ணீர்க் குளங்களை உப்பாக்கியதாமே. எங்கள் கிணறுகளை 2004 டிசம்பர் 26 சுனாமி உப்பாக்கியது. அப்போது கிணறுகளைச் சுத்தம்பண்ண மோட்டர் வைத்து இறைத்தார்கள். அளவுக்கு மேல் இறைத்த இடங்களில் அடியிலிருந்த உவர் இன்னும் மேலே வந்தது. கடைசியில் கிணறுகளைக் கழுவித் தந்தது அடுத்தடுத்த மாரி மழைதான்.

இதை இவ்வளவு விரித்து எழுதக் காரணம் உண்டு. 2009இல் போர் முடிந்த பின் பாசிக்குடாவில் விடுதிகள் வரிசையாக எழுந்தன. வேலை வந்தது, வரவேண்டியதுதான். ஆனால் நீச்சல்குளத்துக்கும் புல்தரைக்கும் வேண்டிய தண்ணீரை இந்த மணலுக்கு அடியில் இருந்து எடுத்தால், பக்கத்து வளவின் கிணறும் அதே படையில்தான் நிற்கிறது என்பதை மறக்கக் கூடாது. மணலை அள்ளி லொறியில் ஏற்றுகிறவர் அந்தத் தண்ணீரின் பாத்திரத்தையே உடைக்கிறார். வாவிக் கரையில் கண்டலை வெட்டுகிறவர் இறாலும் நண்டும் குஞ்சு வளர்க்கும் இடத்தை அழிக்கிறார். இத்தனை அழிவையும் தாண்டி வந்த ஊரைக் கவனக்குறைவால் இழக்க எனக்குச் சம்மதமில்லை.

ஆகவே உங்களிடம் ஒன்று கேட்கிறேன். வாருங்கள்; ஆனால் மார்கழி மழையில் ஒருமுறை, ஆவணி வெயிலில் ஒருமுறை வாருங்கள். கடலில் குளியுங்கள். தங்கும் இடத்தில் தண்ணீர் எங்கிருந்து வருகிறது, கழிவுத் தண்ணீர் எங்கே போகிறது என்று கூச்சப்படாமல் கேளுங்கள். விருந்தாளி கேட்டால் பதில் சொல்லித்தான் ஆகவேண்டும். நாங்கள் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறோம்; உங்கள் குரலும் சேர்ந்தால் பலம்.

அன்புடன்,
கல்குடாவிலிருந்து