ஆட்காட்டிக் குருவி சொல்லும் பாடம்



நமது தரவைகளிலும் வயல்வெளிகளிலும் நடந்தவர்கள் ஆட்காட்டிக் குருவியை அறிவார்கள். ஆள் வரக் கண்டதும் கத்திக்கொண்டு தலைக்கு மேலே சுற்றும். ஆளைக் காட்டுவதால் அப்பெயர். நம் சுட்டுவிரலையும் ஆட்காட்டி விரல் என்கிறோம் அல்லவா?

இரண்டு கதைகள்

முதலாவது பஞ்சதந்திரக் கதை. கடற்கரையில் ஒரு பறவை இட்ட முட்டைகளைக் கடல் கவர்ந்து செல்கிறது. அந்தச் சிறு பறவை கடலையே எதிர்க்கத் துணிகிறது. பறவைகள் எல்லாம் கூடிக் கருடனிடம் முறையிட, கடல் முட்டைகளைத் திருப்பிக் கொடுக்கிறது. அந்தப் பறவை ஆட்காட்டியே என்பர் பலர்.

இரண்டாவது நாட்டார் பாடல். தமிழகத்திலும் ஈழத்திலும் பாடப்படுவது. கிழக்கிலங்கையில் இப்பறவை ‘ஆக்காண்டி’. நாலு முட்டையிட்டு, மூன்று குஞ்சு பொரித்து, அவற்றுக்கு இரை தேடிப் போன தாய் கண்ணியில் அகப்படுகிறாள். அவள் அழுத கண்ணீர் பெருகி ஓடுகிறது. இங்கே கருடன் வரவில்லை.

உண்மையும் கற்பனையும்

ஆட்காட்டி மரத்தில் கூடு கட்டுவதில்லை. வெறுந்தரையில், பெரும்பாலும் மூன்று நான்கு முட்டைகள் இடும். அவை கல்லும் மண்ணும் போலவே தோன்றும். பாடியவர்கள் இதனைக் கூர்ந்து கண்டவர்கள். முட்டைக் கணக்கிலும் பிழையில்லை.

ஆனால் ஒன்று கவனியுங்கள். ஆட்காட்டிக் குஞ்சுகளுக்குத் தாய் இரை கொண்டுவந்து ஊட்டுவதில்லை. பொரித்துச் சிறிது நேரத்திலேயே அவை எழுந்து நடந்து, தாமே கொத்தித் தின்னும். தாயும் தகப்பனும் காவல் நிற்கும்; அவ்வளவே.

அப்படியானால் பாடலில் இரை தேடி அலைபவள் யார்? பிள்ளைகளின் பசிக்காக வீட்டை விட்டுப் புறப்படும் மனிதத் தாயே அவள். தன் துயரை நேரே சொல்ல முடியாதவர்கள் பறவையின் வாயில் வைத்துச் சொன்னார்கள். கடலுக்குப் போனவர், பிறநாட்டுக்கு உழைக்கப் போனவர், போர்க்காலத்தில் வெளியே போனவர் என்று, இரை தேடிப் போய்த் திரும்பாத ஒருவரை அறியாத குடும்பம் நம்மிடையே அரிது. ஆகவே இது குழந்தைப் பாட்டு மட்டுமன்று. நம் வீட்டுக் கதையுமாகும்.

வீட்டில் செய்ய

இன்றிரவு பிள்ளைகளுக்கு இவ்விரு கதைகளையும் சொல்லுங்கள். பாட்டி இருந்தால் அவரைப் பாடச் சொல்லுங்கள். அவர் பாடும் விதத்தை ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள். ஊருக்கு ஊர் அடிகள் மாறும், எதுவும் பிழையன்று.

தரவையில் ஆட்காட்டி கத்தினால் கல்லெறிய வேண்டாம் என்றும் பிள்ளைகளிடம் சொல்லுங்கள். காலடியில் எங்கோ நாலு முட்டை இருக்கிறது. பார்த்து நடக்கட்டும்.