அழாமல் நடிப்பது பற்றி யாழினிக்கு

அன்புள்ள யாழினி,

உனக்கு இரண்டு மனக்குறை என்று புரிகிறது. நாடகத்தின் மூன்றாவது காட்சியில் நீ உடைந்து அழுதாய், கூட்டம் கைதட்டியது. ஆனால் உங்கள் இயக்குநர் ‘குறைச்சுக்கோ’ என்று ஒற்றை வார்த்தையில் முடித்துவிட்டார். ஏன் என்று சொல்லவில்லை. அது ஒன்று. கூட இருந்தவர்கள் எல்லாம் போட்டோ ஆல்பத்தைத் தூக்கிக்கொண்டு ஆடிஷன் ஆடிஷனாக ஏறி இறங்கும்போது, நீ மட்டும் இந்தக் குழுவில் ஒத்திகை பார்த்துக்கொண்டு காலத்தை வீணாக்குகிறாயோ என்பது இன்னொன்று.

நான் நடிகன் இல்லை. பகலில் பேங்க் கவுன்டர், சாயங்காலம் பிலிம் சொசைட்டி என்று இருந்துவிட்டவன். நடிப்பு நுட்பம் சொல்லித்தர எனக்குத் தகுதி கிடையாது. பல வருடங்களாக நான் கவனித்துவரும் ஒரு நடிகரைப் பற்றிச் சொல்கிறேன், உனக்கு வேண்டியதை எடுத்துக்கொள். பெயர் விக்டர் ரெபென்ஜுக். ருமேனியாக்காரர். 1933-இல் புக்காரெஸ்டில் பிறந்தவர். அவர் நாட்டில் இந்தப் பெயரைத் தெரியாதவர்கள் குறைவு. இங்கே தெரிந்தவர்களைத் தேடித்தான் பிடிக்க வேண்டும்.

‘மொரொமெத்ஸி’ என்று ஒரு படம். 1987-இல் ஸ்தெரே குலேயா எடுத்தது. மரீன் ப்ரேதா 1955-இல் எழுதிய நாவலின் முதல் பாகம்தான் கதை. வண்ணம் எங்கும் வந்துவிட்ட காலத்தில் வேண்டுமென்றே கறுப்பு வெள்ளையில் எடுத்திருக்கிறார்கள். இரண்டாம் உலகப் போருக்கு முந்தைய டான்யூப் சமவெளிக் கிராமம். இலியே மொரொமெத்தே என்ற குடியானவர், அவருக்கு நிலம், கடன், வரிப்பாக்கி, பேச்சுக் கேட்காத மூத்த மகன்கள். புக்காரெஸ்டில் பிறந்த ரெபென்ஜுக்குக்குத்தான் இந்தக் குடியானவர் வேடம்.

அதில் நிலவரி கேட்டுத் தண்டல்காரர் வரும் காட்சியை முதலில் பார். ஆட்கள் முற்றத்தில் நிற்கிறார்கள். மொரொமெத்தே வெளியே போயிருந்தவர் திரும்பி வருகிறார். அவர்கள் கண்ணில் படாமல் இருக்க வழியே இல்லை. ஆனாலும் அங்கே யாருமே இல்லாத மாதிரி கடந்து போகிறார். வீட்டுப் பக்கம் திரும்பி யாரையோ கூப்பிட்டு ஏதோ வேலை ஏவுகிறார். திடீரென்று வந்தவர்கள் பக்கம் சுழன்று, தன்னிடம் இல்லை என்று ஒரே வெட்டாக வெட்டிவிடுகிறார். தண்டல்காரருக்கு இது புதிதில்லை, அவர்பாட்டுக்கு ரசீது எழுதுகிறார். இவர் கொஞ்ச நேரத்தில் அவர்களிடமே ஒரு சிகரெட் கேட்டு வாங்குகிறார். ஜப்தி வரைக்கும் பேச்சு போன பிறகுதான் பணத்தில் ஒரு பங்கு வெளியே வருகிறது. அதாவது பணம் இருந்திருக்கிறது.

சிரிப்பு வரும், ஆனால் சிரித்துவிட்டு விட்டுவிடாதே. மறுபடி ஓட்டிப் பார். அந்தக் குடியானவர் முற்றத்தில் ஒரு நாடகம் போடுகிறார். தான் நடிப்பது எதிராளிக்குத் தெரியும் என்பதும் அவருக்குத் தெரியும். ரெபென்ஜுக் நடிப்பது, நடிக்கிற ஒரு மனிதரை. சாதாரண நடிகர் என்றால் என்ன செய்வார்? தண்டல்காரர் முதுகைத் திருப்பும்போது நமக்காக ஒரு முகம் காட்டுவார், ‘பாருங்கள், உள்ளுக்குள் எவ்வளவு நடுங்குகிறேன்’ என்று. ரெபென்ஜுக் அந்த உதவியை நமக்குச் செய்வதில்லை. தண்டல்காரரிடம் மறைப்பதை நம்மிடமும் மறைக்கிறார். நாமேதான் தேட வேண்டியிருக்கிறது. தேடுவதால்தான் அந்த ஆளை விட்டுக் கண்ணை எடுக்க முடியவில்லை.

இன்னொரு இடம். கடனுக்காக வீட்டு மரம் ஒன்றை, பெரிய அகேஷியா, பக்கத்து வீட்டுக்காரருக்கு விற்றுவிடுகிறார். விடியும் முன் மகன் ஒருவனைக் கூட்டிக்கொண்டு வெட்டப் போகிறார். ஏன் வெட்டுகிறோம் என்று அவன் கேட்கிறான். காரணத்தைச் சொல்லாமல் கிண்டலாக ஒன்று சொல்லித் தட்டிக்கழிக்கிறார். குடும்பத்தின் பெருமையாக நின்ற மரம், ஊரே அடையாளம் சொல்கிற மரம். அதற்காக ஒரு பெருமூச்சு விடுவார் என்று எதிர்பார்த்துக்கொண்டே இருந்தேன். விடவில்லை. படத்தின் கடைசிப் பகுதியில் அதே மனிதர் மகன்கள் மேல் தடியை எடுக்கும்போது, நாம் நாற்காலியின் நுனிக்கு வந்துவிடுகிறோம். அதுவரை ஒன்றையும் செலவழிக்காமல் சேர்த்துவைத்ததால்தான் அந்த அடி அவ்வளவு கனமாக விழுகிறது. நீ மூன்றாவது காட்சியிலேயே எல்லாவற்றையும் செலவழித்துவிட்டாய், கண்ணு. அதற்கப்புறம் உனக்கு இன்னும் நான்கு காட்சி இருந்தது. உங்கள் இயக்குநர் மனதில் இருந்தது இதுவாகத்தான் இருக்கும் என்று நினைக்கிறேன்.

சரி, இந்தப் பழக்கம் அவருக்கு எங்கிருந்து வந்தது? இங்கே உன் இரண்டாவது குறைக்கு வருகிறேன்.

1956-இல் புக்காரெஸ்டின் நாடக, திரைப்படக் கல்லூரியில் படித்து முடித்தார். அந்த வகுப்பிலிருந்து ஒரு கூட்டமே தலைநகரை விட்டு க்ரயோவா என்ற ஊரின் தேசிய நாடக அரங்குக்குப் போனது. கொஞ்ச காலம் அங்கே நடித்துவிட்டு, புக்காரெஸ்டுக்குத் திரும்பி ஒரு நாடக அரங்கில் சேர்ந்தார். லூச்சியா ஸ்துர்ட்ஸா புலாந்த்ரா என்ற நடிகை தலைமை ஏற்று நடத்திய அரங்கு அது, பின்னால் அவர் பெயரே அதற்கு வந்தது. அதன் பிறகு பல பத்தாண்டுகள் அந்த அரங்கின் நடிகராகவே இருந்தார். மனைவி மரியானா மிஹூத்ஸும் அங்கே பெரிய நடிகை. 2008-இல் ஆந்த்ரெய் ஷெர்பான் பெண்களை மட்டுமே வைத்து ‘லியர் அரசன்’ போட்டபோது லியராக நின்றவர் அவர்தான்.

அங்கே நாடக அரங்கு என்றால் வாடகை மண்டபம் இல்லை. நடிகருக்கு மாதச் சம்பளம் உண்டு. ஒரே பருவத்தில் பல நாடகங்கள் மாறி மாறி ஓடும். இன்றைக்கு அரசன், மறுநாள் வேலைக்காரன், அடுத்த வாரம் மேடையின் ஓரத்தில் இரண்டு வரி. அதே முகங்களோடு வருடக்கணக்கில் நடிக்கும்போது, பழைய வித்தையைக் காட்டி யாரையும் ஏமாற்ற முடியாது. உன் அழுகை எந்த இடத்தில் வரும் என்று கூட நடிப்பவருக்கு முன்கூட்டியே தெரிந்திருக்கும். ஆடிஷனில் உனக்குக் கிடைப்பது இரண்டு நிமிடம், அதில் எல்லாவற்றையும் கொட்டித்தான் ஆக வேண்டும். கொட்டாமல் இருக்கக் கற்றுக்கொள்ள வருடங்கள் வேண்டும், உன்னைத் தெரிந்தவர்கள் எதிரே நிற்க வேண்டும். மாதச் சம்பளம் தருகிற அரங்கு நமக்கு இல்லை, அது தெரியாமல் பேசவில்லை. வாடகை கட்ட உனக்குப் பணம் வேண்டும். விளம்பரப் படமோ டப்பிங்கோ வந்தால் போய் வா. குழுவை விட்டுவிட்டுப் போகாதே என்றுதான் சொல்கிறேன்.

சினிமாவிலும் அவர் அந்த அரங்கின் ஆளோடு சேர்ந்தார். புலாந்த்ராவை 1963 முதல் நடத்திய லிவியு சுலேய் எடுத்த படம் ‘தூக்கிலிடப்பட்டவர்களின் காடு’. லிவியு ரெப்ரேயானுவின் நாவல். 1965-இல் கான் விழாவில் சுலேய்க்குச் சிறந்த இயக்குநர் விருது வாங்கித் தந்தது. முதல் உலகப் போர். ஆஸ்திரிய-ஹங்கேரிப் படையில் அதிகாரியாக இருக்கும் ருமேனியர் அபோஸ்தொல் பொலொகா. தப்பியோட முயன்ற ஒரு செக் அதிகாரிக்குத் தூக்கு விதித்த ராணுவ நீதிமன்றத்தில் இவரும் ஓர் உறுப்பினர். பிறகு சொந்த இனத்தவருக்கு எதிரான போர்முனைக்கே இவரை அனுப்புகிறார்கள். கடைசியில் இவருக்கும் அதே கயிறு. பொலொகாவாக நடித்த, முப்பதைக் கொஞ்சம் தாண்டிய ரெபென்ஜுக்கின் முகத்தில், தான் என்ன நினைக்கிறோம் என்று தனக்கே தெரியாத ஒருவனின் குழப்பம் இருக்கும். நியாயமான அதிகாரியாக இருக்கிறோம் என்று அவன் நம்பிக்கொண்டிருக்கும் வரை நமக்கு அவனைப் பிடிக்கவில்லை. பிடிக்க வைக்க ரெபென்ஜுக்கும் முயலவில்லை.

இதையெல்லாம் படித்துவிட்டு அந்த நாடு நடிகர்களுக்கு ஏதோ சொர்க்கம் என்று நினைத்துவிடாதே. 1972-இல் இதே புலாந்த்ராவில் லூச்சியன் பின்தீலியே இயக்கிய கோகோலின் ‘அரசாங்க இன்ஸ்பெக்டர்’ நாடகத்தை மூன்றே காட்சிகளில் நிறுத்தினார்கள். சுலேயின் தலைமைப் பதவியும் போயிற்று. பின்தீலியே வெளிநாடு போய் வேலை தேட வேண்டியிருந்தது. அவர் திரும்பி வந்து 1981-இல் கராஜாலேயின் நாடகத்தை வைத்து எடுத்த ‘மணிகள் ஏன் ஒலிக்கின்றன, மித்திக்கா?’ படத்தில் ரெபென்ஜுக் நடித்தார். அந்தப் படம் 1990 வரை பெட்டிக்குள்ளேயே கிடந்தது. உன் குறும்படம் யூடியூபில் ஆயிரம் பேரைத் தாண்டவில்லை என்று புலம்பியிருந்தாயே, அப்போது எனக்கு இந்தப் படம்தான் ஞாபகம் வந்தது.

பெயர்பெற்ற கலைஞர்கள் பலர் நாட்டை விட்டு வெளியேறிய அந்த வருடங்களில் ரெபென்ஜுக் ஊரிலேயே இருந்தார். இருந்தது சரியா, போனது சரியா என்று தீர்ப்புச் சொல்கிற இடத்தில் நான் இல்லை. ஆனால் 1989 டிசம்பரில் ஆட்சி கவிழ்ந்தபோது அவர் செய்த ஒரு காரியம் அந்த ஊரில் இன்றும் பேசப்படுகிறது. நேற்று வரை அதிபர் சவுசெஸ்குவைப் புகழ்ந்தவர்கள் எல்லாம் இன்றைக்குப் புரட்சிக்காரர்களாக டிவி நிலையத்தில் வரிசை கட்டி நிற்கிறார்கள். இவர் கேமரா முன்னால் ஒரு டாய்லெட் பேப்பர் சுருளோடு வந்தார். அப்படிப்பட்டவர்கள் முதலில் வாயைத் துடைத்துக்கொண்டு பிறகு பேசட்டும் என்கிற பொருளில் சொன்னார். மேடையில் ஒரு பெருமூச்சைக்கூட எண்ணி எண்ணிச் செலவழித்த அதே மனிதர்தான்! அங்கே அவர் யாருடைய வேடத்திலும் இல்லை, தன் பெயரில் பேசினார். அடுத்த சில வருடங்கள் தான் படித்த கல்லூரிக்கே தலைமை வகித்தார். அதைப் பற்றி நான் நீட்டவில்லை. நிர்வாகம் யாருடைய வாழ்க்கை வரலாற்றிலும் சுவையான அத்தியாயமாக இருப்பதில்லை.

எனக்கு ரொம்பப் பிடித்தது அவருடைய கிழட்டு வயதுப் படங்கள். 2003-இல் பின்தீலியே எடுத்ததில் அவர் நிகி என்ற ரிடையர்டு கர்னல். மகனைப் பறிகொடுத்தவர். மகள் புருஷனோடு அமெரிக்கா போகப்போகிறாள். சம்பந்தி ஃப்ளோ என்று ஒரு வாயாடி, இவர் வீட்டிலேயே வந்து இவரை அதிகாரம் செய்கிறார். நிகி பொறுத்துக்கொண்டே போகிறார், போகிறார். எங்கே போய் முடிகிறது என்று சொல்லமாட்டேன், நீயே பார்.

‘கௌரவப் பதக்கம்’ என்று இன்னொன்று, 2009-இல் காலின் பீட்டர் நெட்ஸர் எடுத்தது. இயோன் இயோன் என்று ஒரு கிழவர். 1995-இல், இரண்டாம் உலகப் போரில் காட்டிய வீரத்துக்காக அவருக்குப் பதக்கம் என்று அரசாங்கத்திலிருந்து தகவல் வருகிறது. என்ன வீரம் காட்டினோம் என்று அவருக்கே ஞாபகம் இல்லை. அலுவலகம் அலுவலகமாக விசாரிக்கிறார். வீட்டில் மனைவி அவரோடு பேசுவதில்லை. மகன் நாட்டை விட்டுப் போகத் திட்டமிட்டபோது போலீசில் சொன்னவர் இந்த அப்பா. ஊர் மரியாதை கொடுக்கத் தொடங்கியதும், நடந்திருக்கக்கூடிய ஏதோ ஒன்றைத் தனக்குத்தானே சொல்லிச் சொல்லி நம்ப ஆரம்பிக்கிறார். பிறகு, பெயர்க் குழப்பத்தில் வந்த பதக்கம் அது, திருப்பிக் கொடு என்கிறார்கள்.

இந்தக் கதையைக் கண்ணீரில் முக்கி எடுப்பது எவ்வளவு சுலபம் என்று யோசி. மகனைக் காட்டிக்கொடுத்தவர், பொய்ப் பெருமையில் மிதப்பவர், கடைசியில் அதையும் இழப்பவர். ரெபென்ஜுக் இந்த ஆளுக்காக நம்மிடம் வக்காலத்து வாங்குவதே இல்லை. கிழவரின் அற்பத்தனத்தை அற்பத்தனமாகவே விட்டுவைக்கிறார். பதக்கம் கைக்கு வந்ததும் நிமிர்கிற முதுகு மட்டும் போதுமானதாக இருக்கிறது. தெசலோனிகி விழாவில் சிறந்த நடிகர் விருது கொடுத்தார்கள். எண்பது வயதைத் தாண்டியும் புலாந்த்ரா மேடையில், ஃப்ளோரியான் ஜெல்லரின் ‘அப்பா’ நாடகத்தில், ஞாபகம் கழன்றுபோகிற கிழவராக நடித்தார். தன் மறதியை மறைக்கிறவர்! மறுபடியும் ஒளிக்கிற ஆள்தான், பார்த்தாயா?

உன் மூன்றாவது காட்சிக்கு வருகிறேன். நீ நடிக்கும் கிழவி மகன் இறந்த செய்தியைக் கேட்கிறாள், பக்கத்தில் பேத்தி உட்கார்ந்திருக்கிறாள். நீ எழுதியதை வைத்துச் சொல்கிறேன். பேத்திக்குத் தெரியக்கூடாது என்றுதானே அவள் நினைப்பாள்? அப்படியென்றால் அந்தக் காட்சியில் அவள் வேலை அழுவது இல்லை, பேத்தியிடமிருந்து மறைப்பது. கையில் ஒரு வேலையைக் கொடு. பேத்தியின் தலையைப் பின்னிவிடு, பின்னல் பாதியில் தப்பாகப் போகட்டும், அவிழ்த்துவிட்டு மறுபடி பின்னு. பார்வையாளர்களுக்கு உன் முகம் தெரிய வேண்டும் என்ற கவலையை விடு. கைதட்டல் குறையும், அதற்குத் தயாராக இரு. உங்கள் இயக்குநரிடம் இதைச் சொல்லிப் பார். அவர் வேண்டாம் என்றால் அவர் சொல்வதைக் கேள். நாடகம் அவருடையது, நான் வெறும் பெரியப்பா.

படங்களை ‘மொரொமெத்ஸி’யில் தொடங்கு, ‘பதக்கம்’ அடுத்து, நிகி கடைசியில். ஆங்கில சப்டைட்டிலோடு மூன்றும் என் ஹார்ட் டிஸ்கில் இருக்கின்றன. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வீட்டுக்கு வா, பெரியம்மா சமையல் செய்து வைப்பாள். போனதடவை எடுத்துப்போன பென்டிரைவையும் கொண்டுவா, அதில் என் பென்ஷன் பேப்பர் ஸ்கேன் எல்லாம் இருக்கிறது, அழித்துவிடாதே.

அன்புடன்,
பெரியப்பா