எஸ்டர் என்றால் என்ன? களைக்கொல்லி டப்பாவில் கவனிக்க வேண்டிய ஒரு சொல்

பெரம்பலூர் பக்கத்துக் கரிசல் காட்டில் ஐப்பசி மாதம் ஒரு பருத்தி வயலைப் பார்க்க அழைத்திருந்தார்கள். செடிகளுக்கு ஐம்பது நாள் வயது இருக்கும். அடி இலைகள் எல்லாம் அகலமாக, பசுமையாக, குறை சொல்ல முடியாதபடி இருந்தன. நுனியில் புதிதாக விரிந்த இலைகள் மட்டும் விசிறி மடித்தாற்போல் குறுகி, நரம்புகள் பக்கத்தில் பக்கத்தில் நெருங்கி, வெண்டை இலையா தவளைக் காலா என்று கேட்கும்படி நீண்டு தொங்கின. காம்புகள் கீழ்நோக்கி முறுக்கிக் கொண்டிருந்தன.

வயலுக்குச் சொந்தக்காரர் அது வைரஸ் நோய் என்று நினைத்து, அசுவினிக்கும் தத்துப்பூச்சிக்கும் இரண்டு முறை மருந்து அடித்து முடித்திருந்தார். பயன் இல்லை. பிறகுதான் வடக்கே அடுத்த காட்டில் பங்காளி மக்காச்சோளத்துக்குக் களைக்கொல்லி தெளித்தது அவர் நினைவுக்கு வந்தது. அதிலிருந்து இருவருக்கும் பேச்சு இல்லை. பங்காளியும் வந்து நின்றார்.

"ஐயா, காத்தே இல்லாத நேரமாப் பாத்து, விடியக்காலம் ஏழு மணிக்குள்ள அடிச்சு முடிச்சேன். ஒரு சொட்டுகூட அந்தப் பக்கம் போகல. நாலு வருஷமா இதே மருந்துதான் அடிக்கிறேன். அப்பல்லாம் கருகாத பருத்தி இப்ப எப்படிக் கருகும்?" என்றார்.

டப்பாவைக் கொண்டு வரச் சொன்னேன். சென்ற ஆண்டு வரை அவர் வாங்கியது வெள்ளைத் தூள், 2,4-டி சோடியம் உப்பு. இந்த ஆண்டு கடையில் தூள் இருப்பு இல்லை; "அதே மருந்துதான், இது தண்ணி மாதிரி இருக்கும், கரைக்கிற வேலை மிச்சம்" என்று கொடுத்திருக்கிறார்கள். அந்தப் புட்டியில் அச்சிட்டிருந்தது 2,4-டி ஈத்தைல் எஸ்டர். "எஸ்டர்னா கம்பெனி பேருங்களா?" என்று கேட்டார். அந்தக் கேள்விக்கு விடை சொல்லவே இந்தக் கட்டுரை.

அமிலமும் ஆல்கஹாலும்

எஸ்டர் என்பது கம்பெனிப் பெயரும் அல்ல, ஒரு குறிப்பிட்ட மருந்தின் பெயரும் அல்ல. ஓர் அமிலமும் ஓர் ஆல்கஹாலும் ஒன்று சேர்ந்து, இடையில் ஒரு மூலக்கூறு தண்ணீர் விலகிப் போனால் மிஞ்சுகிற பொருளுக்கு எஸ்டர் என்று பெயர். சொல்லை உண்டாக்கியவர் லியோபால்டு குமெலின் என்ற ஜெர்மன் வேதியியல் அறிஞர், ஆண்டு 1848. வினிகர் ஈதர் என்று பொருள்படும் ஜெர்மன் சொல்லைச் சுருக்கி அவர் இதை ஆக்கினார். ஈதர் என்பது இன்று வேறொரு வகைப் பொருளுக்குரிய பெயர். இரண்டையும் குழப்பிக் கொள்ள வேண்டாம்.

எஸ்டர்கள் நமக்குப் புதியவையும் அல்ல. வாழைப்பழ வாசனைக்கு முக்கியக் காரணம் ஓர் எஸ்டர். மல்லிகை மணத்தில் பெரும்பங்கு பென்சைல் அசிடேட் என்னும் எஸ்டர். செக்கில் ஆட்டும் கடலை எண்ணெய், நல்லெண்ணெய், தேங்காய் எண்ணெய் எல்லாமே கிளிசரால் என்ற ஆல்கஹாலோடு கொழுப்பு அமிலங்கள் சேர்ந்த எஸ்டர்கள்தாம். எண்ணெயில் காஸ்டிக் சோடாவைச் சேர்த்தால் சோப்பு ஆகிறதே, அது எஸ்டர் உடைந்து அமிலம் உப்பாக மாறுவது. அரிசித் தவிட்டை ஆலையிலிருந்து கொண்டுவந்து சில நாள் போட்டு வைத்தால் காறல் அடிப்பதும் இதனால்தான். தவிட்டில் உள்ள நொதி எண்ணெயை உடைத்து அமிலத்தைப் பிரித்துவிடுகிறது. சேர்ந்தபோது விலகிய தண்ணீர் திரும்பவும் வந்து சேர்ந்தால், எஸ்டர் அமிலமாகவும் ஆல்கஹாலாகவும் பிரிந்துவிடும் என்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். இதற்கு நீராற்பகுப்பு என்று பெயர்.

ஒரே மருந்து, மூன்று உடை

2,4-டி என்பது அடிப்படையில் ஓர் அமிலம். 1940-களில் கண்டுபிடிக்கப்பட்டது. பயிர்களில் இயற்கையாக உள்ள வளர்ச்சி ஊக்கியைப் போலவே நடித்து, அகன்ற இலைக் களைகளைத் தாறுமாறாக வளரச் செய்து கொல்லும். நீர்மேல் நெருப்பு, ஆரைக்கீரை, கரிசலாங்கண்ணி, பார்த்தீனியம் போன்றவை அதற்கு மடியும். நெல், சோளம், மக்காச்சோளம், கரும்பு ஆகிய புல்லினப் பயிர்கள் தாங்கிக் கொள்ளும். குதிரைவாலியும் புல்லினமே ஆதலால் அதுவும் தப்பிவிடும். 2,4-டி அடித்தும் களை சாகவில்லை என்று வருகிற புகார்களில் பல இந்தப் புல் களைகளைப் பற்றியவை.

அந்த அமிலம் தண்ணீரில் நன்றாகக் கரையாது. ஆகையால் அதை வேறு உருவில் மாற்றி விற்கிறார்கள். சோடியத்தோடு சேர்த்தால் சோடியம் உப்பு. இது தூளாக வரும். அமைனோடு சேர்த்தால் அமைன் உப்பு. இது தண்ணீரில் கரையும் திரவம். ஈத்தைல் ஆல்கஹால், அதாவது எரிசாராயத்தோடு சேர்த்தால் ஈத்தைல் எஸ்டர். இது எண்ணெய் போன்றது. தண்ணீரில் ஊற்றினால் பால்போல் வெளுக்கும் குழம்பாக்கிய மருந்தாகக் கிடைக்கிறது. களையைக் கொல்வது மூன்றிலும் அதே 2,4-டி அமிலம்தான். கடைக்காரர் "அதே மருந்து" என்றதில் அந்த அளவுக்கு உண்மை உண்டு.

ஆனால் உடை மாறினால் நடையும் மாறுகிறது. கல் உப்பையும் கற்பூரத்தையும் இரண்டு தட்டில் திறந்து வையுங்கள். ஒரு வாரம் கழித்து உப்பு இருக்கும், கற்பூரம் கரைந்து போயிருக்கும். (கற்பூரம் எஸ்டர் அல்ல, உவமைக்காகச் சொல்கிறேன்.) சோடியம் உப்பும் அமைன் உப்பும் தெளித்த இடத்தில் தங்கும் குணம் உடையவை. ஈத்தைல் எஸ்டர் ஆவியாகும் குணம் உடையது. எல்லா எஸ்டரும் இப்படி அல்ல. கடலை எண்ணெய் ஆவியாகிப் போய்விடுவதில்லை அல்லவா? சேர்கிற ஆல்கஹால் சிறியதாக இருந்தால் எஸ்டர் எளிதில் ஆவியாகும்; பெரியதாக இருந்தால் ஆவியாவது மிகவும் குறையும். ஈத்தைல் என்பது சிறியது.

இப்போது அந்தப் பங்காளியின் கதைக்கு வருவோம். காலை ஏழு மணிக்குள் காற்று இல்லாமல் அடித்தார். சொட்டு பறக்கவில்லை என்று அவர் சொன்னது மெய்யாகவே இருக்கலாம். பத்து மணிக்குமேல் வெயில் ஏறியது. மக்காச்சோள இலையிலும் மண்ணிலும் படிந்திருந்த எஸ்டர் ஆவியாகக் கிளம்பியது. பிற்பகலில் வடகிழக்கிலிருந்து வீசிய இலேசான காற்று அதைத் தெற்கே இருந்த பருத்திக்குக் கொண்டு சேர்த்தது. அடித்தவர் அப்போது வீட்டில் சாப்பிட்டுக் கொண்டிருந்திருப்பார். சொட்டு பறப்பது தெளிக்கும் நேரத்தில் மட்டுமே நடக்கும். ஆவி பறப்பது அதன் பிறகும், சில சமயம் மறுநாள்கூட நடக்கும். வெயில் காலத்தில் ஆவி பல நூறு அடி தூரம் போகக் கூடும்.

பருத்தியோ 2,4-டிக்கு மிகவும் இளகிய பயிர். களைக்கு இடும் அளவில் ஆயிரத்தில் ஒரு பங்கு பட்டாலே இலையில் அடையாளம் காட்டிவிடும். தக்காளி, திராட்சை, வெண்டை ஆகியவையும் அப்படியே.

நோயா, மருந்தா?

வயலில் பிரித்தறிவது கடினம் அல்ல. தத்துப்பூச்சி தாக்கினால் இலை ஓரம் மஞ்சளாகிச் சிவந்து கீழ்நோக்கிக் கிண்ணம்போல் வளையும்; இலையின் அடியில் பூச்சியும் இருக்கும். வைரஸ் நோய் அங்கொன்றும் இங்கொன்றுமாகத் தோன்றிப் பிறகு பரவும். 2,4-டி பட்டதானால், காற்று வந்த பக்கத்து வரப்போரம் மிகுதியாகவும் உள்ளே போகப் போகக் குறைந்தும், விடுபடாமல் எல்லாச் செடியிலும் ஒரே சமயத்தில் தெரியும். முன்பே விரிந்த இலைக்கு ஒன்றும் ஆகாது. அதன் பிறகு விரிந்தவையே கெட்டிருக்கும்.

இதற்கு மாற்று மருந்து கிடையாது. பூச்சி மருந்து அடிப்பது வீண் செலவு. பட்டது குறைவாக இருந்தால் சில வாரங்களில் நல்ல இலை வரத் தொடங்கும். சப்பைகள் உதிர்ந்து அறுவடை பிந்தும். அதிகம் பட்டிருந்தால் நுனி கருகித் தண்டு வெடிக்கும். அவசரப்பட்டு உழுதுவிடாமல் புதுத்துளிர் எப்படி வருகிறது என்று பார்த்து முடிவு செய்ய வேண்டும். நான் பார்த்த வயலில் வரப்போரம் பத்து வரிசை தேறவில்லை, மீதி திரும்பியது.

பிறகு ஏன் எஸ்டரை விற்கிறார்கள் என்று கேட்கலாம். அதற்கும் காரணம் உண்டு. இலையின் மேல் மெழுகுப் பூச்சு இருக்கிறது. எண்ணெய்த் தன்மையுள்ள எஸ்டர் அதன் வழியே விரைவில் உள்ளே போய்விடும். போனதும் செடியின் நொதிகள் அதை நீராற்பகுத்து அமிலத்தைப் பிரிக்கின்றன. அந்த அமிலம்தான் களையைக் கொல்கிறது. விரைவில் உள்ளே போவதால், தெளித்த ஓரிரு மணி நேரத்தில் மழை வந்தாலும் எஸ்டர் அதிகம் வீணாவதில்லை. உப்பு வகைகள் மெதுவாகவே இறங்கும். மழை சீக்கிரம் வந்தால் கழுவிக்கொண்டு போய்விடும். ஆழ்துளைக் கிணற்றுக் கடினநீரில் கலந்தால் உப்பு வகைகள் சுண்ணாம்புச் சத்தோடு சேர்ந்து வீரியம் குறையும். எஸ்டருக்கு அந்தத் தொல்லை இல்லை. சுற்றிலும் நெல்லே உள்ள பரந்த வயல்வெளியில் எஸ்டரால் கெடுதல் குறைவு. பருத்தி, தக்காளி, திராட்சை அருகில் இருந்தால் அதைத் தொடாமல் இருப்பதே மேல். வரப்புப் பார்த்தீனியத்துக்கு அடிப்பவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள். உப்பு வகையானாலும் காற்றில் அடித்தால் சொட்டு பறக்கும் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

எண்ணைப் பார்த்து ஏமாற வேண்டாம்

டப்பாவில் 80, 58, 38 என்று சதவீதம் இருக்கும். இவற்றை அப்படியே ஒப்பிடக் கூடாது. ஈத்தைல் எஸ்டர் 100 கிராம் இருந்தால் அதில் அமிலத்தின் பங்கு ஏறத்தாழ 89 கிராம். மீதி ஆல்கஹால் பகுதியின் எடை. ஆகவே 38 சத எஸ்டர் மருந்தில் உள்ள அமிலம் சுமார் 34 சதம். 58 சத அமைன் உப்பில் அமிலம் சுமார் 48 சதம். சோடியம் உப்புத் தூளில் 80 என்ற எண் அமிலமாகவே கணக்கிட்டுத் தரப்படுவது உண்டு. இதற்கு அமிலச் சமானம் என்று பெயர்.

நடவு நெல்லில், முளைக்குமுன் களைக்கொல்லி இடாதவர்களுக்கு, நட்ட மூன்று வாரத்தில் 80 சத சோடியம் உப்பு ஏக்கருக்கு 500 கிராம், 250 லிட்டர் தண்ணீரில் என்பது நெடுங்காலப் பரிந்துரை. இதில் உள்ள அமிலம் 400 கிராம். இதே 400 கிராமுக்காக எஸ்டரைக் கணக்குப் போட்டு ஒரு கிலோவுக்கு மேல் ஊற்றிவிடவும் கூடாது. எஸ்டர் விரைவாக உள்ளே போவதால் பயிரையும் சுடும். ஒவ்வொரு வடிவத்துக்கும், ஒவ்வொரு பயிருக்கும் அளவு தனி. அட்டையில் உள்ளதையும் வேளாண்மை அலுவலகத்தின் அப்போதைய பரிந்துரையையும் பார்த்தே அளக்க வேண்டும்.

எஸ்டர் என்ற சொல் பூச்சி மருந்திலும் உண்டு. பைரெத்ராய்டு மருந்துகளில் பெரும்பாலானவையும், பாஸ்பரஸ் சார்ந்த மருந்துகளும் எஸ்டர்களே. காரத்தன்மையில் எஸ்டர் சீக்கிரம் உடைந்துபோகும் என்பதற்கு சோப்பே சாட்சி. போர்டோ கலவை, கந்தகச் சுண்ணாம்புக் கலவை இவற்றோடு இந்த மருந்துகளைக் கலக்காதீர்கள் என்று நாங்கள் ஓயாமல் சொல்வது இதனால்தான். கலந்தால் பூச்சிக்குப் போவது பாதி உடைந்த மருந்து.

கடைசியாகத் தெளிப்பான். எஸ்டர் எண்ணெய்ப் பசையாக இருப்பதால் ரப்பர்க் குழாயிலும் வாஷரிலும் ஒட்டிக்கொள்ளும். வெறும் தண்ணீரில் அலசினால் போகாது. முதலில் சிறிது மண்ணெண்ணெய் விட்டு அலசி, பிறகு சலவைச் சோடா கரைத்த நீரை நிரப்பி ஓர் இரவு வைத்திருந்து, மறுநாள் பலமுறை நல்ல தண்ணீரால் கழுவ வேண்டும். கழுவிய நீர் வாய்க்காலிலோ கிணற்றோரமோ போகக் கூடாது. இத்தனை செய்தும் அந்தத் தெளிப்பானைக் கொண்டு பருத்திக்கு மருந்தடிக்க எனக்குத் துணிவு வராது. களைக்கொல்லிக்கென்று தனித் தெளிப்பான் வைத்துக்கொள்வது நல்லது.

அடுத்த பருவத்தில் அந்த ஊருக்குப் போனபோது பங்காளியின் வீட்டுத் திண்ணையில் இரண்டு தெளிப்பான்கள் இருந்தன. ஒன்றின் முதுகில் சிவப்புப் பெயின்டால் "களை" என்று எழுதியிருந்தது. மற்றொன்றை இரவல் வாங்கிப் போகப் பருத்திக்காரர் வந்திருந்தார்.