தாழ்க்கும் நீதியும் மேன்மன்ற மேற்பார்வையும்

நீதி வழங்காது நாள் கடத்திய நடுவன் ஒருவனிடம் ஏழைக் கைம்பெண் ஒருத்தி இடைவிடாது சென்று முறையிட்ட கதையை நற்செய்தி நூலில் யாம் படித்துள்ளோம். அவளுக்கு அவன் வாயிலன்றி வேறு புகலில்லை. நம் நாட்டு வழக்காளிக்கோ கீழ்மன்றத்திற்கு மேல் உயர் நீதிமன்றம் உண்டு. அம்மன்றத்தின் மேற்பார்வை தாழ்க்கும் நீதியை எங்ஙனம் விரைவிக்கும் என்பதை ஈண்டு ஆராய்வாம்.

1862-இல் கல்கத்தா, பம்பாய், சென்னை ஆகிய நகரங்களில் உயர் நீதிமன்றங்கள் தோன்றியபோதே, கீழ்மன்றங்களை மேற்பார்க்கும் உரிமை அவற்றிற்கு அளிக்கப்பட்டிருந்தது. 1935-ஆம் ஆண்டு அரசாட்சிச் சட்டம் அதனைச் சுருக்கிற்று. 1950-இல் நடைமுறைக்கு வந்த அரசியலமைப்பின் 227-ஆம் உறுப்பு மீண்டும் விரித்தது. நெடுநாட் கிடக்கும் உரிமையியல் வழக்கொன்றை இத்துணைத் திங்களுக்குள் முடிக்குமாறு உயர் நீதிமன்றம் இவ்வுறுப்பின்படி பணித்தல் கூடும். அங்ஙனம் பணிக்குங்கால் வழக்கின் நியாய அநியாயங்களைத் தொடாது காலத்தை மட்டும் வரையறுப்பதே முறை.

ஆயின், விரைவிக்கும் கையே தடுக்கும் கையாதலும் உண்டு. இடைக்கால ஆணைகளை எதிர்த்துச் சீராய்வு மனுச் செய்து, மூல வழக்கை உறங்க வைத்தல் வழக்காளிகள் அறிந்த உபாயமே. ஆதலின் 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைத் தொகுப்பின் 115-ஆம் பிரிவு திருத்தப்பட்டு, 2002-இல் நடைமுறைக்கு வந்தது. மேன்மன்றம் தடையாணை பிறப்பித்தாலன்றி, சீராய்வு மனு நிலுவையில் இருப்பதனாலேயே கீழ்மன்ற வழக்கு நில்லாது என்பது அத்திருத்தத்தின் ஒரு கூறு.

இன்னொரு குறையும் நோக்கற்பாலது. ஒரு வழக்கை விரைந்து முடிக்க ஆணை வந்தால், அதே நடுவர்முன் உள்ள பிறிதொரு வழக்கு பின்தள்ளப்படுகிறது. முன்னதற்கு உரியவர் வக்கீல் அமர்த்தி மேன்மன்றம் ஏறும் பொருளுடையார். பின்னதற்கு உரியவர் ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஒரு நாட் கூலியை இழந்து வரும் ஏழையாக இருத்தல் கூடும். தட்டியவர்க்கு மட்டும் திறக்கும் கதவு நீதியின் கதவாகுமோ?

இக்குறைக்கு மருந்து, கேளாதார்க்கும் பயன்படும் மேற்பார்வையே. ஐந்தாண்டு கடந்த வழக்குகளை உயர் நீதிமன்றக் குழுக்கள் கண்காணிக்க வேண்டுமென 2023-இல் உச்ச நீதிமன்றம் பணித்தது. டிக்ரி பெற்றும் பயன் பெறாதார் அளிக்கும் நிறைவேற்று மனுக்களை ஆறு திங்களுக்குள் முடிப்பிக்குமாறு 2025 மார்ச்சில் எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் ஆணையிட்டது. அவ்வாண்டு அக்டோபரில் நோக்கியபோது, ஏறத்தாழ 8.82 லட்சம் மனுக்கள் நிலுவையில் நின்றன.

இவ்வெண்ணின் ஒவ்வோர் அலகும் ஒருவர் வென்றும் அடையாத வீடோ, நிலமோ, கடன் தொகையோ ஆம். முதியன முதலில் என்னும் வரிசையும், அவ்வரிசையைத் திங்கள்தோறும் நோக்கும் மேன்மன்றமும், போதிய நடுவரும் அமைவராயின், அக்கைம்பெண் போல்வார் நடுவரை நச்சரிக்க வேண்டியதில்லை. அவர்தம் முறை தானே வரும்.