வேதியியல் நூல் தேர்வு: நம்பிக்கைகளும் உண்மைகளும்

ஸ்ரீபெரும்புதூரிலிருந்து சுங்குவார்சத்திரம், வல்லம் வடகால், ஒரகடம் என்று நீளும் தொழிற்பகுதியில் மணலும் சோடாச் சாம்பலும் கண்ணாடியாகின்றன. ரப்பரும் கந்தகமும் டயராகின்றன. பிசினும் நிறமியும் வண்ணப்பூச்சாகின்றன. கார்களின் உடற்கூடுகள் வேதிக் கரைசல் தொட்டிகளில் வரிசையாக மூழ்கி எழுகின்றன. ஆனால் அந்த ஆலைகளைச் சுற்றியுள்ள பள்ளிகளிலும் பாலிடெக்னிக்குகளிலும் படிக்கும் பிள்ளைகளுக்கு வேதியியல் நூல் வாங்கும்போது, கடைக்காரர் எடுத்துக் கொடுப்பதும் பயிற்சி மையம் பரிந்துரைப்பதும்தான் பெரும்பாலும் அளவுகோலாக இருக்கின்றன. அந்தத் தேர்வுகளுக்குப் பின்னால் உள்ள நம்பிக்கைகளில் சில முழுப் பிழை. சில பாதி உண்மை என்பதால் அவற்றைத் திருத்துவது இன்னும் கடினம்.

“அரசுப் பாடநூல் பாஸாவதற்கு மட்டும், நீட்டுக்கு என்சிஇஆர்டி போதும்”

இந்த நம்பிக்கைக்கு ஒரு நியாயம் உண்டு. நீட் தேர்வின் 720 மதிப்பெண்களில் 180 வேதியியலுக்கு உரியது. அதன் வினாக்கள் பெரும்பாலும் தேசியக் கல்வி ஆராய்ச்சி பயிற்சிக் குழுமத்தின், அதாவது என்சிஇஆர்டியின், நூல்களை ஒட்டியே அமைகின்றன. எனவே அத்தேர்வை எழுதுகிறவர் அந்நூல்களை வரி விடாமல் படிக்கத்தான் வேண்டும். பிழை ‘போதும்’ என்பதில் இருக்கிறது. 2022இல் அறிவிக்கப்பட்ட பாடக் குறைப்பில் என்சிஇஆர்டியின் 11ஆம் வகுப்பு வேதியியல் 14 இயல்களிலிருந்து 9ஆகவும், 12ஆம் வகுப்பு வேதியியல் 16 இயல்களிலிருந்து 10ஆகவும் சுருங்கின. போரான், கார்பன், நைட்ரஜன், ஆக்சிஜன், ஹாலஜன் குடும்பங்களை உள்ளடக்கிய பி-தொகுதித் தனிமங்கள் இரு வகுப்பு நூல்களிலிருந்தும் அப்போது நீங்கின. 2024இல் திருத்தப்பட்ட நீட் பாடத்திட்டமோ பி-தொகுதியைக் கைவிடவில்லை. தேர்வில் கேட்கப்படக்கூடிய ஒரு முழுப் பகுதி, அத்தேர்வுக்குப் போதுமென்று நம்பப்படும் நூலில் இல்லை. அது முழுமையாகக் கிடைக்கும் இடம், 2019இல் வெளிவந்த தமிழ்நாட்டு 12ஆம் வகுப்பு நூலின் முதல் தொகுதியில் உள்ள இரண்டாம், மூன்றாம் அலகுகள்.

என்சிஇஆர்டி 12ஆம் வகுப்பிலிருந்து பி-தொகுதியோடு சேர்ந்து போனவை திட நிலைமை, புறப்பரப்பு வேதியியல், உலோகங்களைப் பிரித்தெடுத்தல், பலபடிகள், அன்றாட வாழ்வில் வேதியியல் ஆகியவை. பலபடி என்பது சிறு மூலக்கூறுகள் நூற்றுக்கணக்கிலும் ஆயிரக்கணக்கிலும் கோர்த்துக்கொண்டு உருவாகும் நெடுஞ்சங்கிலி. ரப்பர், பிளாஸ்டிக், வண்ணப்பூச்சுப் பிசின் எல்லாம் அவ்வகையே. டயர் ஆலைகள் இயங்கும் ஒரகடத்திலும் ஸ்ரீபெரும்புதூரிலும், ரப்பர் சங்கிலிகளைக் கந்தகப் பாலங்களால் பிணைக்கும் வல்கனைசாக்கத்தைப் பற்றி ஒரு வரிகூடப் படிக்காமல் ஒரு மாணவர் மேல்நிலை வேதியியலை முடித்துவிட முடியும் என்பது அந்தக் குறைப்பின் விளைவு. தமிழ்நாட்டு நூலில் பலபடிகள் 15ஆம் அலகிலும், உலோகவியல் முதல் அலகிலும், திட நிலைமை ஆறாம் அலகிலும், புறப்பரப்பு வேதியியல் பத்தாம் அலகிலும் இருக்கின்றன. தேர்வுக்குத் தேவையற்றது என்று பயிற்சி மையம் அடித்துவிடும் பக்கங்களில்தான் இந்த வட்டாரத்தின் பிழைப்பு இருக்கிறது.

இதற்கு ஆகத் தெளிவான சான்று கார் ஆலையின் பெயிண்ட் ஷாப். எஃகுத் தகட்டாலான உடற்கூடு வண்ணம் பெறுவதற்கு முன் எண்ணெய்ப் பிசுக்கு நீங்கக் கழுவப்பட்டு, துத்தநாக பாஸ்பேட் படிகங்கள் மெல்லிய போர்வையாகப் படியும் தொட்டிக்குள் செல்கிறது. அந்தப் போர்வையே துருவைத் தடுக்கவும் வண்ணம் பற்றிக்கொள்ளவும் அடித்தளம். அத்தொட்டியின் நிலையை அறிய, ஆய்வக ஊழியர் 10 மி.லி. கரைசலை எடுத்து, 0.1 நார்மல் சோடியம் ஹைட்ராக்சைடு கொண்டு தரம்பார்க்கிறார். தரம்பார்த்தல் என்பது செறிவு தெரிந்த கரைசலைச் சொட்டுச் சொட்டாகச் சேர்த்து, செறிவு தெரியாததை அளக்கும் முறை. புரோமோபீனால் புளூ நிறங்காட்டி மஞ்சளிலிருந்து நீலமாகும் இடத்தில் ‘ஃப்ரீ ஆசிட்’ கிடைக்கிறது. பினால்ப்தலீன் இளஞ்சிவப்பாகும் இடத்தில் ‘டோட்டல் ஆசிட்’ கிடைக்கிறது. செலவான ஒவ்வொரு மில்லிலிட்டரும் ஒரு ‘பாயிண்ட்’ என்று பதிவேட்டில் ஏறுகிறது. இங்கே வழங்கும் அலகு நார்மாலிட்டி, அதாவது ஒரு லிட்டரில் உள்ள கிராம் சமான நிறைகளின் எண்ணிக்கை. என்சிஇஆர்டி 11ஆம் வகுப்பு நூல் மோலாரிட்டி, மோலாலிட்டி, மோல் பின்னம் ஆகியவற்றோடு நின்றுவிடுகிறது. சமான நிறையை விளக்குவது தமிழ்நாட்டு 11ஆம் வகுப்பு நூலின் முதல் அலகு. பாஸ்பேட் தொட்டிக்கு அடுத்து வருவது மின்படிவுத் தொட்டி: சில நூறு வோல்ட் அழுத்தத்தில் உடற்கூடே எதிர்மின்வாயாக, அதன் பரப்பில் நீர் ஒடுக்கமடைந்து ஹைட்ராக்சைடு அயனிகள் பெருக, நேர்மின்சுமை தாங்கிய பிசின் தன் சுமையை இழந்து தகட்டின் மீது படிகிறது. மின்வேதியியல் அலகை மனப்பாடத்துக்காகப் படித்தவருக்கும் கணக்குப் போடப் படித்தவருக்கும் உள்ள வேறுபாடு அந்தத் தொட்டியின் அருகே வெளிப்பட்டுவிடும்.

தமிழ்நாட்டு நூல் குறையற்றது என்று இதற்குப் பொருளில்லை. சில அலகுகளில் செய்தி அடர்ந்து கிடக்க விளக்கம் மெலிந்திருக்கிறது; பயிற்சிக் கணக்குகளும் போதாது. ஆனால் இரு நூல்களில் எது முதுகெலும்பு, எது துணை என்று கேட்டால், இந்த வட்டார மாணவருக்கு அரசு நூலை முதலிலும் என்சிஇஆர்டியை அதன் மேலும் வைப்பதே தகும். வழக்கத்தில் இருப்பது இதன் தலைகீழ்.

“பெரிய நூல் படித்தால் பெரிய அறிவு”

ஜே.டி. லீயின் கனிம வேதியியல், மாரிசன்–பாய்டின் கரிம வேதியியல், அட்கின்ஸின் இயற்பிய வேதியியல் ஆகியவை அருமையான நூல்கள். மூன்றுமே பல்கலைக்கழக மாணவருக்காக எழுதப்பட்டவை. அவற்றைப் 11ஆம் வகுப்பில் வாங்கி அடுக்குவது பெற்றோரின் மன அமைதிக்குப் பயன்படும் அளவுக்கு மாணவரின் படிப்புக்குப் பயன்படுவதில்லை. மேல்நிலை மாணவருக்குத் தேவை, அரசுப் பாடநூலில் இடறும் ஒரே ஒரு பகுதிக்கான, பெரும்பாலும் மோல் கணக்குகளுக்கோ கரிம வினைவழிகளுக்கோ உரிய, ஒரே ஒரு துணைநூல். நூலகத்தில் அந்நூலின் ஓர் இயலை முழுதாகப் படித்து, அதன் இறுதியிலுள்ள கணக்குகளில் பாதியையாவது தானே போட முடிகிறதா என்று பார்த்த பிறகு வாங்குவது பணத்தையும் காலத்தையும் மிச்சப்படுத்தும்.

“பாடநூலில் அச்சாகியிருந்தால் சரியாகத்தான் இருக்கும்”

கண்ணாடி உண்மையில் மிக மெதுவாக ஓடும் திரவம், அதனால்தான் பழங்கட்டடங்களின் சன்னல் கண்ணாடிகள் அடியில் தடித்திருக்கின்றன என்ற கூற்று உலகெங்கும் பாடநூல்களில் இடம்பெற்றது. என்சிஇஆர்டியின் முந்தைய 12ஆம் வகுப்பு நூலின் திடநிலை இயலிலும் அது இருந்தது. பிரேசில் நாட்டுக் கண்ணாடியியல் அறிஞர் எட்கர் சனோட்டோ 1998இல் வெளியிட்ட கணக்கீடு, அறை வெப்பநிலையில் கண்ணாடி கண்ணுக்குத் தெரியும் அளவு வழிய அண்டத்தின் வயதும் போதாது என்று காட்டியது. பழைய சன்னல் கண்ணாடிகளின் சீரற்ற தடிமனுக்குக் காரணம் அவை செய்யப்பட்ட முறை: உருகிய கண்ணாடியை ஊதிச் சுழற்றித் தட்டாக்கியபோது நடுப்பகுதியும் ஓரமும் ஒரே தடிமனில் அமையவில்லை.

தடிமன் ஏன் சீராக வேண்டும், எப்படிச் சீராகிறது என்பதற்கான விடை ஸ்ரீபெரும்புதூரிலேயே இருக்கிறது. செயின்ட்-கோபைன் ஆலை 2000ஆம் ஆண்டிலிருந்து பயன்படுத்தும் மிதவை முறையை, இங்கிலாந்தின் அலஸ்டர் பில்கிங்டன் 1959இல் உலகுக்கு அறிவித்தார். ஏறத்தாழ 1,100 பாகை செல்சியசில் உருகிய கண்ணாடி, உருகிய வெள்ளீயத்தின் மீது ஊற்றப்பட்டு, எண்ணெய் நீரில் பரவுவதுபோல் பரவி, 600 பாகையளவில் இறுகிய பாளமாக வெளியேறுகிறது. வெள்ளீயம் 232 பாகையிலேயே உருகிவிடுவதால் கண்ணாடி இறுகிய பிறகும் அது திரவமாகவே இருக்கிறது. வெள்ளீயம் ஆக்சிஜனேற்றம் அடையாதிருக்க நைட்ரஜனும் சிறிது ஹைட்ரஜனும் கலந்த வளிமண்டலம் மேலே நிற்கிறது. உருகுநிலை, அடர்த்தி, ஆக்சிஜனேற்றத் தடுப்பு என்று மூன்று பாடங்கள் ஒரே தொட்டியில் கிடக்கின்றன. ஒரு நூலின் தரத்தை எடைபோட விரும்பும் ஆசிரியர், அதில் கண்ணாடி பற்றிய பத்தியை முதலில் பிரித்துப் பார்க்கலாம். விரைவான சோதனை அது.

“பழைய பதிப்பு எதற்கும் ஆகாது”

அமிலமும் காரமும் வினைபுரியும் விதம் பதிப்புக்குப் பதிப்பு மாறுவதில்லை. பழைய புத்தகக் கடையில் பாதி விலைக்குக் கிடைக்கும் நூலில் பெரும்பகுதி இன்றும் செல்லும். மாறியிருப்பவை மரபுகளும் மாறிலிகளும். திட்ட வெப்ப அழுத்த நிலையில் ஒரு மோல் வாயுவின் கன அளவைப் பழைய நூல் 22.4 லிட்டர் என்கிறது. திட்ட அழுத்தத்தை ஒரு வளிமண்டலத்திலிருந்து ஒரு பாராக மாற்றும்படி பன்னாட்டு வேதியியல் ஒன்றியம் 1982இல் பரிந்துரைத்த பின் எழுதப்பட்ட நூல் 22.7 லிட்டர் என்கிறது. இரண்டும் தத்தம் வரையறையில் சரி. வினாவில் எந்த அழுத்தம் தரப்பட்டிருக்கிறது என்று பார்க்கத் தெரியாத மாணவருக்கு இரண்டுமே தவறாகிவிடும். வெப்ப இயக்கவியலில் அமைப்பு செய்யும் வேலையைக் கூட்டல் குறியாகக் கொள்ளும் பழைய மரபும், அமைப்பின் மீது செய்யப்படும் வேலையைக் கூட்டலாகக் கொள்ளும் இன்றைய மரபும் இவ்வாறே மோதுகின்றன. ஆவர்த்தன அட்டவணையின் தொகுதிகளை 1 முதல் 18 வரை எண்ணாமல் ரோமன் எண்களால் குறிக்கும் நூலையும், 2019 மே 20 முதல் நடைமுறைக்கு வந்த மோலின் புதிய வரையறை இல்லாத நூலையும் கணக்குப் பயிற்சிக்கு வைத்துக்கொள்ளலாம். வரையறைகளுக்குப் புதிய நூலைத்தான் நம்ப வேண்டும்.

“தமிழ்வழி மாணவர் ஆங்கில நூலுக்கு மாறியே ஆக வேண்டும்”

நீட் தமிழிலும் நடக்கிறது. ஆனால் மொழிபெயர்ப்பில் ஐயம் எழுந்தால் ஆங்கில வினாவே இறுதியானது என்பது அதன் விதி. இவ்விரண்டையும் சேர்த்துப் பார்த்தால் வழி எளிது: தமிழ்நாட்டுப் பாடநூல் மற்றும் கல்வியியல் பணிகள் கழகத்தின் ஒரே நூல் இரு மொழிகளிலும் ஒரே அலகு வரிசையில் இருக்கிறது, இணையத்தில் இலவசமாகவும் கிடைக்கிறது. தமிழில் புரிந்துகொண்டு, கலைச்சொல்லையும் கணக்கின் வாசகத்தையும் மட்டும் ஆங்கிலப் பிரதியில் சரிபார்த்துக்கொள்ளும் மாணவர் வேறு நூலுக்கு மாற வேண்டியதே இல்லை. தமிழில் உயர்கல்வி வேதியியல் எழுதப்பட்டதில்லை என்ற எண்ணமும் தவறு. யாழ்ப்பாணத்து மானிப்பாயில் தமிழ்வழி மருத்துவம் கற்பித்த அமெரிக்க மருத்துவர் சாமுவேல் பிஸ்க் கிறீனின் ‘கெமிஸ்தம்’ 1875இலேயே அச்சேறியது. அரசு 1960களிலும் 70களிலும் கல்லூரிகளுக்காக வெளியிட்ட தமிழ்ப் பாடநூல்கள் பல இன்று தமிழ் மின்நூலகத்தில் படிக்கக் கிடைக்கின்றன.

“பாடத்துக்கு வெளியே படிப்பது நேர விரயம்”

லண்டனில் நூல் கட்டும் கடையில் தொழில் பழகிய மைக்கேல் ஃபாரடே, கட்டுவதற்கு வந்த நூல்களில் ஒன்றான ஜேன் மார்செட்டின் ‘வேதியியல் உரையாடல்கள்’ என்ற எளிய நூலைப் படித்துத்தான் வேதியியலுக்குள் நுழைந்தார். அந்நூல் 1806இல் ஆசிரியர் பெயரின்றி வெளிவந்தது. தமிழ்நாடு அறிவியல் இயக்கம் 1987 முதல் நடத்திவரும் ‘துளிர்’ இதழ் இளைய வகுப்புகளுக்கு அத்தகைய நுழைவாயில். ஆங்கிலம் ஓரளவு கைவந்த மாணவருக்கு, இத்தாலிய வேதியியலாளர் பிரீமோ லெவியின் ‘ஆவர்த்தன அட்டவணை’யில் குரோமியம் பற்றிய அத்தியாயம் ஒன்றே போதும். போருக்குப் பின் லெவி வேலைக்குச் சேர்ந்த வண்ணப்பூச்சு ஆலையில் குரோமேட் பூச்சு ஈரல்போல் உறைந்து வீணாகிக் கிடக்கிறது. பழைய சோதனை அட்டைகளை ஒவ்வொன்றாகப் புரட்டும் அவர், ‘2 அல்லது 3’ சொட்டு என்றிருந்த குறிப்பு நகலெடுக்கும்போது ‘23’ சொட்டாக மாறியதால் மோசமான சரக்கெல்லாம் தேர்ச்சி பெற்றுவிட்டதைக் கண்டுபிடிக்கிறார். பெயிண்ட் ஷாப் ஆய்வகத்தில் வேலைக்குச் செல்ல இருக்கும் பட்டய மாணவருக்கு இதைவிடப் பொருத்தமான வாசிப்பு எளிதில் அமையாது.

இவை எல்லாவற்றையும்விட அருகில் கிடப்பது, யாரும் நூலாகக் கருதாத ஒரு தாள். ஒவ்வொரு தொழில்துறை வேதிப்பொருளுக்கும் அதைத் தயாரிப்பவர் வெளியிடும் பாதுகாப்புத் தரவுத் தாள், ஆலைகளில் சுருக்கமாக எஸ்.டி.எஸ்., உலகெங்கும் 16 பிரிவுகளில் ஒரே வரிசையில் அமைகிறது. தின்னருக்கோ பாஸ்பேட் கரைசலுக்கோ உரிய தாளை இணையத்தில் இறக்கிக்கொண்டு, பௌதிக வேதிப் பண்புகளைக் கூறும் ஒன்பதாம் பிரிவையும், எதனோடு சேர்ந்தால் ஆபத்து என்று கூறும் பத்தாம் பிரிவையும் பாடநூலோடு ஒப்பிட்டுப் படிக்கும்படி ஆசிரியர் சொல்லலாம். ஆவி தீப்பற்றும் மிகக் குறைந்த வெப்பநிலை, கொதிநிலை, பி.எச். மதிப்பு, நீரில் கரையும் தன்மை ஆகியவை அங்கே எண்களாக இருக்கின்றன. அந்த எண்களில் பல ஏன் அப்படி இருக்கின்றன என்பது 11ஆம் வகுப்பு நூலின் வேதிப்பிணைப்பு அலகில் இருக்கிறது.