சிவப்புத் தலைக் கள்ளி

ஒட்டு மாங்கன்று பலருக்கும் தெரியும். வேர் நாட்டு மாவின் வேர். மேலே இருப்பது நல்ல சாதி மாவின் கிளை. இரண்டும் சேர்ந்து ஒரே மரமாக வளரும். கள்ளியிலும் இப்படி ஒட்டுக் கட்டலாம்.

மேற்கு வங்காளத்தில் காலிம்போங் என்ற மலை ஊர் இருக்கிறது. சுமார் 4,000 அடி உயரம். நல்ல மழை பெய்யும் ஊர். ஆனாலும் கள்ளிச் செடிகளுக்குப் பேர் போனது. கூரை போட்ட கண்ணாடி வீட்டில் செடிகளை வளர்க்கிறார்கள். அதனால் மழைத் தண்ணீர் செடி மேல் விழாது.

அங்கே ஒரு கள்ளி எல்லோர் கண்ணையும் இழுக்கும். கீழே மூன்று பட்டை உள்ள பச்சைத் தண்டு. உச்சியில் சிவப்பு உருண்டை. மஞ்சள் உருண்டையும் உண்டு. பலர் இதைப் பூ என்று நினைக்கிறார்கள். இது பூ அல்ல. இது தனிச் செடி.

இலை பச்சையாக இருக்கிறதே, ஏன்? அதில் பச்சையம் இருக்கிறது. பச்சையம்தான் வெயிலைக் கொண்டு செடிக்கு உணவு சமைக்கிறது. சிவப்பு உருண்டையில் பச்சையம் இல்லை. அதற்குத் தானே சமைத்து உண்ணத் தெரியாது. இதன் மூதாதை தென் அமெரிக்காவில் பராகுவே நாட்டுக் கள்ளி. 1940களில் ஜப்பானில் அந்த விதையைப் போட்டபோது சில நாற்றுகள் சிவப்பாக முளைத்தன. தனியே விட்டால் செத்துப் போகும். வேறு கள்ளியின் மேல் ஒட்டிப் பிழைக்க வைத்தார்கள்.

கீழே இருக்கும் பச்சைத் தண்டுதான் இரண்டு பேருக்கும் சமைக்கிறது. அது வேறு எதுவும் இல்லை, டிராகன் பழம் காய்க்கும் கொடிதான். குஜராத்தில் அந்தப் பழத்துக்கு 2021இல் 'கமலம்' என்று பெயர் வைத்தார்கள்.

சிலிகுரியில் டீக்கடை வைத்திருக்கும் ஒரு பெண் இந்தக் கள்ளியை வாங்கினார். கடை மேடையில் வைத்தார். டீ குடிக்க வந்தவர்கள் நின்று பார்த்தார்கள். அவருக்குப் பெருமை தாங்கவில்லை. தினமும் டம்ளர் கழுவும்போது அதற்கும் ஒரு டம்ளர் தண்ணீர் ஊற்றினார். இரண்டு மாதம் போனது. பச்சைத் தண்டின் அடி பழுப்பாகிக் கொழகொழத்தது. சிவப்புத் தலை மட்டும் அப்படியே இருந்தது. அதைப் பிடுங்கித் தனியாக நடலாமா என்று கேட்க, தொட்டியோடு காலிம்போங் போனார்.

"வேண்டாம் தீதி" என்றார் நர்சரி வேலைக்காரர். அங்கே நேபாளி பேசுபவர்கள் அக்காவை தீதி என்பார்கள். "மண்ணில் நட்டால் இது பட்டினி கிடந்து சாகும். வேறு கால் கொடுப்போம்."

அவர் கத்தியை ஸ்பிரிட்டில் துடைத்தார். புதிய பச்சைத் தண்டு ஒன்றைக் குறுக்கே வெட்டினார். வெட்டிய இடத்தின் நடுவில் சின்ன வளையம் தெரிந்தது. சாறு ஓடும் வழி அதுதான். சிவப்பு உருண்டையின் அடியையும் வெட்டினார். அதிலும் ஒரு வளையம். வெட்டு காய்வதற்குள் வளையத்தின் மேல் வளையம் படும்படி வைத்தார். தொட்டியோடு சேர்த்து ரப்பர் பேண்ட் போட்டார்.

"பத்து நாள் நிழலில் வையுங்கள் தீதி. ஒட்டின இடத்தில் ஒரு சொட்டுத் தண்ணீர் படக் கூடாது. பிறகு ரப்பரை எடுங்கள்."

"தண்ணீர் எப்போது ஊற்றுவது?"

"விரலை மண்ணில் விடுங்கள். ஈரம் இருந்தால் ஊற்றாதீர்கள். காய்ந்திருந்தால் அடி ஓட்டை வழியாக வடியும்வரை ஊற்றுங்கள். தட்டில் நிற்கும் தண்ணீரைக் கொட்டிவிடுங்கள். குளிர் காலத்தில் இன்னும் குறைவாக."

ஓட்டை இல்லாத தொட்டி இதற்கு எமன். எவ்வளவு அழகான பீங்கானாக இருந்தாலும் வேண்டாம். மண்ணில் பாதிக்குப் பாதி பெருமணல் கலக்க வேண்டும். கிழக்கு ஜன்னல் நல்ல இடம். உச்சி வெயில் பட்டால் சிவப்புத் தலை வெந்து வெளுக்கும். இருட்டு மூலையில் வைத்தால் பச்சைத் தண்டு சமைக்க முடியாது. கடுங்குளிரையும் அந்தத் தண்டு தாங்காது.

பச்சைத் தண்டிலிருந்து பக்கத்தில் முளை வந்தால் கிள்ளி எறியுங்கள். பாவம் பார்க்காதீர்கள். விட்டால் மேலே இருக்கும் பிள்ளையின் சோற்றை அது தின்றுவிடும். சிவப்புத் தலையில் குட்டி உருண்டைகள் வந்தால் அது வேறு கதை. அவற்றை எடுத்துப் புதிய தண்டில் ஒட்டலாம். பஞ்சு போல வெள்ளைப் பூச்சி வந்தால் ஸ்பிரிட் தொட்ட பஞ்சால் துடைக்க வேண்டும்.

வாங்கும்போது முதலில் தலையைப் பார்க்காதீர்கள். தண்டை மெதுவாக அழுத்திப் பாருங்கள். கெட்டியாகப் பச்சையாக இருந்தால் வாங்கலாம். நன்றாகப் பார்த்துக் கொண்டாலும் இந்த ஒட்டு பெரும்பாலும் சில வருடம்தான் நிற்கும். தண்டு தளர்வது தெரிந்தால் காத்திருக்க வேண்டாம். தலை நன்றாக இருக்கும்போதே அதைப் புதிய தண்டுக்கு மாற்றிவிட வேண்டும்.