முகமாலை மண்

கே: போர் முடிந்தும் இலங்கையில் கண்ணிவெடி எடுக்கிறார்களாமே? தடை ஒப்பந்தத்தில் நாம் இருக்கிறோமா?
— வாசகர், செல்லூர், மதுரை-2

ப: ஆமாம். வட இலங்கையின் முகமாலையில் ராணுவமும் புலிகளும் எதிரெதிரே நின்று புதைத்தவை அவை. முழங்காலிட்டு, கொஞ்சம் கொஞ்சமாக மண்ணைச் சுரண்டி எடுத்தவர்களில் பலர் பெண்கள். போரில் கணவரைப் பறிகொடுத்தவர்களும் உண்டு. நாள் முழுக்கக் குனிந்தாலும் சில சதுர மீட்டர்தான் முடியும். 1997-ல் உருவான ஒட்டாவா கண்ணிவெடித் தடை ஒப்பந்தத்தில் இலங்கை சேர்ந்ததே 2017 டிசம்பரில்தான்.

இந்தியா இன்னும் சேரவில்லை. நீண்ட எல்லையைக் காக்க வேண்டும் என்கிறது டெல்லி. நான் ஏற்கமாட்டேன். 2001-02-ல் பாகிஸ்தான் எல்லை வயல்களில் நாமே புதைத்த கண்ணிகள் நம் வீரர்களையும் விவசாயிகளையும்தான் பலிவாங்கின. ரஷ்யாவுக்கு அஞ்சி, 2025-ல் போலந்தும் பின்லாந்தும்கூட ஒப்பந்தத்திலிருந்து விலக முடிவெடுத்துவிட்டன. நெஞ்சு பதறுகிறது.